கத்தாருக்குப் போகாத மகனுக்கு

மகன், உனக்கு என் ஸலாம். முந்தாநாள் நீ தொலைபேசியில், "உம்மா, இந்த மாசக் கடைசியோட எல்லாம் முடியுது, ஊருக்கு வாறன்" என்று சொன்னபோது, "சரி மகன், வா" என்று மட்டும் சொல்லி வைத்துவிட்டேன். உனக்கு அது சப்பென்று இருந்திருக்கும். முப்பத்தைந்து வருடம் படையில் இருந்து, பிரிகேடியராகி, சீருடையைக் கழற்றப் போகிற ஒருவன் தாயிடம் இதைவிடக் கொஞ்சம் கூடுதலாக எதிர்பார்த்திருப்பான். எனக்கு அந்த நேரத்தில் வேறு வார்த்தை வரவில்லை. குசினிக்குள் போய், ஏற்கனவே கழுவி வைத்திருந்த அரிசியை இன்னொரு தரம் கழுவிக்கொண்டு நின்றேன். உன்னோடு தொலைபேசியில் நீளமாகக் கதைக்கவும் ஏலாது. இடது காது கேளாத நீ, எதைச் சொன்னாலும் "ஓம் உம்மா, ஓம் உம்மா" என்கிற ஆள். ஆனபடியால் எழுதுகிறேன். முப்பது வருடம் காத்தான்குடிப் பிள்ளைகளுக்குக் கட்டுரை எழுதச் சொல்லிக் கொடுத்தவள் நான். என் மகனுக்கு ஒரு கடிதமாவது ஒழுங்காக எழுத வரவேண்டும்.

உன் மாமாவிலிருந்துதான் தொடங்க வேண்டும். என் ஒரே தம்பி. வாவிக்கு அக்கரையில், படுவான்கரை வட்டையில், எங்கள் குடும்பத்துக்கு நாலு ஏக்கர் வயல் இருந்தது. கதிர் முற்றுகிற நேரம், யானை வேலியைப் பார்த்துவிட்டு வருகிறேன் என்று தோணியேறிப் போனவன் திரும்பி வரவில்லை. இயக்கத்துக்காரர் கொண்டுபோனார்கள் என்று ஒருவர் சொன்னார். கண்டதாக யாரும் சொல்லவில்லை. அடக்கம் செய்ய மையித்தும் கிடைக்கவில்லை. என் உம்மா அவனுடைய சாரன்களை மாதத்துக்கு ஒருதரம் எடுத்துத் துவைத்து, காயவைத்து, மடித்துப் பெட்டிக்குள் வைப்பார். அதை நீ பார்த்துக்கொண்டிருந்தாய். அடுத்த வருடம், உனக்கு இருபது வயது, படையில் அதிகாரிப் பயிற்சிக்கு எடுபட்ட கடிதத்தைக் கொண்டுவந்து வாப்பாவின் கையில் கொடுத்தாய். வாப்பா அதை இரண்டு தரம் வாசித்தார். "ஆமிக்கா?" என்றார். "கையக் கட்டிக்கிட்டு இரிக்கேலா வாப்பா" என்றாய். உன் முகத்தில் அப்போது இருந்த கோபத்தை நான் மறக்கவில்லை. அந்தக் கோபத்தோடு உன்னை அனுப்பினேன் என்பதுதான் என் பயம் எல்லாவற்றுக்கும் அடி. நீ செத்துப் போவாய் என்று பயந்ததைவிட, நீ யாராகத் திரும்பி வருவாய் என்றுதான் கூடப் பயந்தேன். இதை இன்றுவரை உன்னிடம் சொன்னதில்லை.

மகன் ஆமியில் என்று தெரிந்தால் வீட்டுக்கு என்ன நடக்கும் என்று சொல்ல முடியாத காலம் அது. வாப்பாதான் அந்தப் பொய்யைக் கட்டினார். "பொடியன் கத்தாருக்குப் போயிட்டான், கொம்பனி வேல" என்று தன் புடவைக்கடையில் இருந்தபடி ஊர் முழுக்கச் சொல்லிவிட்டார். நீ லீவில் வருகிறபோதெல்லாம் அவர் முதல் நாளே கொழும்புக்குப் போய், புறக்கோட்டையில் பேரீச்சம்பழமும் அத்தரும் பால்மா டின்னும் பூப்போட்ட போர்வையும் வாங்கி உன் பெட்டியில் அடைத்து, உன்னையும் கூட்டிக்கொண்டு வருவார். கறுத்துப்போன உன் முகத்தைப் பார்த்து, "அரபி நாட்டு வெயில் பொல்லாத வெயில்" என்று ஊர் சொல்லும். நீ தலையைக் குனிந்துகொண்டு சிரிப்பாய். உன் சாச்சா, என் தங்கை புருஷன், பாஸ்போட் கொப்பியைக் கொண்டுவந்து தந்து, "மகன், எனக்கும் ஒரு விசா பாரு" என்று கேட்டது ஞாபகம் இருக்கிறதா? "கேட்டுப் பாக்கிறன் சாச்சா" என்றாய். அந்த மனுஷன் இரண்டு வருடம் வேறு வேலைக்குப் போகாமல் உன் விசாவை நம்பி இருந்தார். பிறகு உண்மை தெரிந்தபோது ஒரு வருடம் எங்களோடு கதைக்கவில்லை. அவர் கோபத்தில் நியாயம் இருந்தது. நீ வந்ததும் முதல் வேலையாக அவரிடம் போய் மன்னிப்புக் கேள். உனக்குக் கீழே ஆயிரம் பேர் நின்று சலூட் அடித்திருக்கலாம். அந்த வீட்டுப் படியில் நீ விசா வாங்கிக் கொடுக்காத பிள்ளைதான்.

விசேட படையில் நீ சேர்ந்ததையும் நீயாகச் சொல்லவில்லை. ஒருமுறை உன் உள்ளங்காலை எண்ணெய் தடவ எடுத்துப் பார்த்துவிட்டு நான்தான் கேட்டேன். தோல் என்று சொல்ல அதில் ஒன்றும் இருக்கவில்லை. "நாங்க நடக்கிற ஆக்கள் உம்மா" என்றாய். "எட்டுப் பேர். காட்டுக்குள்ள போவம், பாப்பம், வருவம்." அவ்வளவுதான். எத்தனை நாள், எந்தக் காடு, என்ன சாப்பாடு, எட்டுப் பேரும் திரும்பி வந்தீர்களா, ஒன்றும் இல்லை. லெப்டினன் ஆனாய், கெப்டன் ஆனாய், மேஜர் ஆனாய். ஒவ்வொரு பதவிக்கும் வாப்பாவும் நானும் கதவைப் பூட்டிக்கொண்டு வட்டிலப்பம் வெட்டி இரண்டு பேராகச் சாப்பிட்டோம். மகன் மேஜர் என்று ஒருவரிடமும் சொல்ல முடியாமல் இனிப்பை விழுங்குகிறது எப்படி இருக்கும் என்று உனக்குத் தெரியாது.

இனி நான் எழுத வேண்டியதை எழுதுகிறேன். உனக்குப் பாதிதான் தெரியும்.

படுவான்கரையை ஆமி பிடித்த வருடம். நீ போய்ப் பதினாறு வருடம். ஒருநாள் பகல், ளுஹர் தொழுதுவிட்டு எழும்புகிறேன், தொலைபேசி அடிக்கிறது. "உம்மா, நான் கிட்டத்தான் இரிக்கன்" என்றாய். கிட்ட என்றால் எங்கே என்று கேட்டேன். ஒரு மாதமாக எங்கள் வீட்டிலிருந்து பஸ்ஸில் ஒரு மணி நேரத் தூரத்தில் இருந்திருக்கிறாய். அதற்கு நான் அழத் தொடங்குமுன், "அழாதீங்க, கேளுங்க, ஒரு வேல செய்யணும்" என்றாய். உன் குரலில் அப்படி ஒரு அவசரத்தை நான் அதுவரை கேட்டதில்லை. "எங்கட கையில ஒரு பொடியன் இரிக்கான். இயக்கத்துப் பொடியன். வயித்துல காயம், ஆனா பிழைப்பான். நாளண்டைக்கு விடிய வேற இடத்துக்கு ஏத்துவாங்க. அதுக்கு முந்தி அவன்ட தாய் வந்து, என்ட மகன் இஞ்ச இரிக்கானெண்டு பேர் சொல்லிக் கேக்கணும். கேட்டா ரெண்டு பதிவுப் புத்தகத்துல பேர் விழும். பேர் விழுந்தவன் தொலைய மாட்டான்." தாய் படுவான்கரையில் ஒரு ஊரில் தனியாக இருக்கிறாள், பெயர் யோகம்மா, சீருடைக்காரர் போனால் பயந்து காட்டுக்குள் ஓடிவிடுவாள் என்றாய். "வேற ஆரையும் நம்பேலா உம்மா. நீங்க போங்க" என்றாய்.

நான் "ஓம்" என்றேன். போகவில்லை.

அன்றும் போகவில்லை, அடுத்த நாளும் போகவில்லை. தோணிக்காரர் கிடைக்கவில்லை என்று பிறகு உன்னிடம் சொன்னேன். அது பொய். தோணிக்காரர் துறையில்தான் இருந்தார். நான் வீட்டில் இருந்து உழுந்து புடைத்தேன், திரைச்சீலை கழுவினேன். அந்தக் கரையில் என் தம்பியை விழுங்கின மண்ணில் கால் வைத்து, அவனைக் கொண்டுபோனவர்களில் ஒருவனுக்காக நான் தூது போவதா என்று என் நெஞ்சு கொதித்தது. இதையும் எழுதிவிடுகிறேன்: அந்தப் பொடியன் தொலைந்தால் தொலையட்டும் என்று நினைத்தேன். தொழுகைப் பாயில் இருந்துகொண்டே நினைத்தேன். தம்பி காணாமல் போன வருடத்தில் அந்தப் பிள்ளை மூன்று நாலு வயதுக் குழந்தையாக இருந்திருப்பான் என்ற கணக்கு எனக்குத் தெரியாமல் இல்லை. பிள்ளைகளுக்கு நீதிக்கதை சொல்லிக் கொடுத்த அதே வாயால் அப்படி நினைத்தேன்.

இரண்டாம் நாள் பின்னேரம்தான் வாப்பாவிடம் சொன்னேன். அவர் கோபப்படுவார் என்று பார்த்தேன். அவர் தேத்தண்ணிக் கோப்பையைக் கீழே வைத்துவிட்டு, "உன்ட தம்பியக் கொண்டுபோன அண்டைக்கு, ஒரு பொம்புள வந்து உன்ட உம்மாக்கிட்ட, உன்ட மகன் இன்ன இடத்துல இரிக்கான் ஓடி வா எண்டு சொல்லியிருந்தா?" என்று கேட்டார். "நாளைக்கு விடியச் சுணங்காமப் போவம்" என்றார். நாளண்டைக்கு, நாளை மறுநாள், என்று நீ சொன்னது அந்த விடியலைத்தான். நேரம் போய்விட்டது என்று எனக்குத் தெரியும். தெரிந்தும் அவரிடம் சொல்லப் பயந்து, தலையாட்டினேன்.

சுபஹு தொழுத கையோடு துறைக்குப் போனோம். அக்கரையில் இறங்கி, இரண்டு சோதனைச்சாவடி தாண்டி, ஒரு லாண்ட்மாஸ்டர் உழவு மிஷினில் ஏறி அந்த ஊருக்குப் போய்ச் சேர வெயில் ஏறிவிட்டது. யோகம்மா ஒரு கூடாரத்துக்கு முன்னால் விறகு முறித்துக்கொண்டு நின்றாள். வீட்டுக் கூரை ஷெல்லில் போய்விட்டது. நாற்பத்தைந்து வயது இருக்கும், அறுபது என்றாலும் நம்பலாம். தலையில் முக்காட்டோடு என்னையும் தொப்பியோடு வாப்பாவையும் கண்டதும் அவள் கேட்ட முதல் கேள்வி, "காணி கேட்டு வந்தீங்களா?" என்பது. அந்தக் கரையில் விட்டுவந்த வயல்களைத் தேடி எங்கள் ஆட்கள் போகத் தொடங்கியிருந்த நேரம் அது. "இல்ல தங்கச்சி, உன்ட மகன் உசிரோட இரிக்கான்" என்றேன். அவள் முகம் மாறவில்லை. எத்தனை பேர் எத்தனை கதை சொல்லியிருப்பார்களோ. விறகை இன்னொன்று முறித்தாள். "என்ட மகன் உசிரோட இரிக்கானெண்டு எப்பிடி அறிவீங்க?" என்றாள். நீ சொல்லித் தந்ததை அப்போதுதான் சொன்னேன். "அவன நீ கொக்கன் எண்டுதானே கூப்பிடுவ? சின்னனில கால் நீளமெண்டு." அவள் கையிலிருந்த விறகு விழுந்தது. நிலத்தில் இருந்துவிட்டாள்.

பிறகு அவள் தலையை நிமிர்த்தி, "உங்களுக்கு ஆரு சொன்ன?" என்று கேட்டாள். வாப்பா என்னைப் பார்த்தார். பதினாறு வருடம் நான் கூடப் பிறந்த தங்கைக்கே சொல்லாததை, பெயர் மட்டும் தெரிந்த ஒரு பெண்ணுக்குச் சொன்னேன். "என்ட மகன் ஆமில மேஜர். அவன்தான் உன்ட மகனப் பிடிச்சவன்." அவள் என்னையே பார்த்தாள். "அடிச்சாரா?" என்று கேட்டாள். மகன், என் வாழ்க்கையில் என்னிடம் கேட்கப்பட்ட கேள்விகளில் மிகக் கடினமானது அதுதான். இல்லை என்று சொல்ல வாய் திறந்தேன். முகத்தில் அந்தக் கோபத்தோடு படியிறங்கிப் போன இருபது வயதுப் பிள்ளைதான் எனக்குத் தெரியும். "எனக்குத் தெரியா தங்கச்சி" என்றேன். அவளுக்கு அந்தப் பதில் பிடித்ததோ என்னவோ, எழுந்து உள்ளே போய்ப் பிறப்புச் சான்றிதழையும் ஒரு பள்ளிக்கூடப் படத்தையும் பொலித்தீன் பையில் எடுத்துக்கொண்டு வந்தாள்.

முகாமுக்கு வந்தபோது மத்தியானம். வாகனம் போயிருக்கும் என்றே நினைத்தேன். வாசலில் அது நின்றது. என்ஜின் ஓடிக்கொண்டிருந்தது. பக்கத்தில் நீ நின்றாய். உன்னைச் சீருடையில் முதல் தரம் பார்த்தேன். என் பிள்ளை இவ்வளவு உயரமா என்று நினைத்தேன். நீ என்னைப் பார்த்து, முன்பின் தெரியாதவளைப் பார்க்கிறதுபோல, "என்ன விசயம் அம்மா?" என்று கேட்டாய். உம்மா என்று சொல்லவில்லை. உன் ஆட்கள் பார்த்துக்கொண்டு நின்றார்கள், எனக்கு விளங்கியது. விளங்கினாலும் நொந்ததுதான். யோகம்மா முன்னுக்கு வந்து, மகனுடைய முழுப் பெயரைச் சொன்னாள். ஒரு தரம் சொல்லி, இன்னொரு தரம் உரத்துச் சொன்னாள். நீ உள்ளே கூட்டிக்கொண்டு போனாய். இரண்டு புத்தகத்திலும் எழுதி, அவளுடைய கைநாட்டையும் வாங்கி, எழுதின தாளின் பிரதி ஒன்றை அவள் கையில் கொடுத்தாயாம். மகனை ஐந்து நிமிடம் காட்டினாயாம். அடித்த காயம் ஒன்றும் இல்லை, வயிற்றில் புதுக் கட்டு போட்டிருந்தது, ஆரோ தலை சீவிவிட்டிருந்தார்கள் என்று அவள் வெளியே வந்து சொன்னாள். தலை சீவியிருந்ததை மூன்று தரம் சொன்னாள்.

திரும்பி வருகிற வழியில், "அதில ஆரு உங்கட மகன்?" என்று கேட்டாள். வாசலில் நின்றவன் என்றேன். "அவர் உங்கள அம்மா எண்டெல்லோ கூப்பிட்டார்?" என்றாள். கொஞ்சத் தூரம் போனபிறகு என் கையைப் பிடித்து, "அக்கா, நீங்களும் உங்கட மகன அங்க விட்டுட்டுத்தான் வாறீங்க" என்றாள். வாப்பாவுக்கு முன்னால், ஓடுகிற பஸ்ஸில், நாங்கள் இரண்டு பேரும் அழுதோம். தம்பிக்காகவும் அன்றைக்குத்தான் நான் சரியாக அழுதேன் என்று நினைக்கிறேன்.

விடிய ஏற்றியிருக்க வேண்டிய வாகனம் மத்தியானம்வரை ஏன் நின்றது என்று நான் யோசிக்கவில்லை. அல்லாஹ்வின் ரஹ்மத் என்று இருந்துவிட்டேன். வாப்பா மௌத்தான அன்று மையித்து வீட்டில் வைத்து உன் மனைவிதான் சொன்னாள். தாளில் பிழை, வைத்தியர் வரவில்லை, டயரில் காற்றில்லை என்று ஒவ்வொன்றாகச் சொல்லி நீ அதை ஆறு மணி நேரம் பிடித்து வைத்திருக்கிறாய். மேலதிகாரியின் கட்டளையைச் சுணக்கினாய் என்று உன் சேவைக் கோவையில் எழுதி, உன் பதவி உயர்வு இரண்டு வருடம் தள்ளிப் போயிருக்கிறது. கூடப் படித்தவர்கள் உன்னைத் தாண்டிப் போனார்கள். தோணிக்காரரைக் காணவில்லை என்று நான் சொன்ன பொய்யை நம்பி, அந்தப் பழியை நீ சுமந்தாய். அந்த இரண்டு வருடத்தை எடுத்தவள் நான். மன்னித்துக்கொள், மகன்.

ஆனால் இதையும் சொல்லவேண்டும். உன் மனைவி அதைச் சொன்ன நேரம், மையித்து வீட்டில் இருந்துகொண்டு, எனக்குள் ஒரு பெரிய பாரம் இறங்கியது. மாமாவுக்காகக் கோபத்தோடு போன பிள்ளை, அந்தக் கோபத்தை எங்கேயோ ஒரு காட்டில் இறக்கி வைத்துவிட்டான் என்று அன்றைக்குத்தான் எனக்கு நிச்சயமாகத் தெரிந்தது. போரில் நீ வேறு என்னென்ன செய்தாய் என்று நான் கேட்டதில்லை. எல்லாம் நல்லதாகத்தான் இருந்திருக்கும் என்று நம்புகிற அளவுக்கு நான் சின்னப்பிள்ளையும் இல்லை. சொல்ல விருப்பமில்லாவிட்டால் சொல்லாதே. சொல்ல வேண்டும்போல் ஒருநாள் இருந்தால், கேட்டுவிட்டு எழுந்து போகாத ஒருத்தி இந்த வீட்டில் இருக்கிறாள்.

கொக்கன் மூன்று வருடத்தில் வீட்டுக்கு வந்தான். இப்போது நம்முடைய நாலு ஏக்கரையும் அவன்தான் குத்தகைக்குச் செய்கிறான். நானே கூப்பிட்டுக் கொடுத்தேன். எளிதாகக் கொடுத்தேன் என்று நினைக்காதே. முதல் போகம் முழுக்க அவன் முகத்தை நேரே பார்க்கவில்லை. இப்போது பார்க்கிறேன். பிள்ளைகள் இரண்டு பேர், காலெல்லாம் நீளம். நீ வந்தால் உன்னைப் பார்க்க வேண்டுமாம். "சேருக்கு என்னைய ஞாபகம் இரிக்குமா அம்மா?" என்று கேட்கிறான். நீ போய்ப் பார். பிரிகேடியர் சேராகப் போகாதே, சாரன் உடுத்திக்கொண்டு போ.

வந்த பிறகும் கொஞ்சம் கவனமாக இரு. கட்சிக்காரர்கள் மாலையோடு வருவார்கள். மேடையில் ஏற்றி, ஒரு பக்கத்தாரைக் காட்டி மற்றப் பக்கத்தாரைக் கைதட்டச் சொல்வார்கள். ஏறாதே. வீட்டில் கட்டளை இடாதே, உன் மகளுக்குப் பதினெட்டு வயது, அவள் உன்னுடைய எட்டுப் பேரில் ஒருத்தி இல்லை. அவள் என்ன படிக்கப் போகிறேன் என்று சொன்னாலும், வாப்பா உன் கடிதத்தை இரண்டு தரம் வாசித்ததுபோல, நீயும் இரண்டு தரம் கேட்டுவிட்டுப் பேசு. காதுக்கு மிஷின் போடு. கேட்காத காதோடு "ஓம், ஓம்" என்று சொல்லிக்கொண்டிருந்தால், ஒருநாள் எதற்கோ ஓம் சொல்லி மாட்டிக்கொள்வாய்.

எனக்கு இனி என்ன? முப்பத்தைந்து வருடமாகத் தெருவில் ஒரு ஜீப் நின்றால் என் கை நின்றுவிடும். எத்தனை கதவு திறக்கிறது என்று காது எண்ணும். இரண்டு பேர் இறங்கி மெதுவாக நடந்து வந்தால் அது செய்தி என்று எனக்குள் யாரோ சொல்லி வைத்திருந்தார்கள். நேற்றுக் காலை மீன் வெட்டிக்கொண்டிருந்தேன். ஜீப் வந்து நம் வாசலில் நின்றது. இரண்டு பேர் இறங்கி வந்து, பின்னால் உள்ள ஹாஜியார் வீடு எது என்று கேட்டார்கள். "ரெண்டாவது ஒழுங்கை, பச்சைக் கேட்" என்று இருந்த இடத்திலிருந்தே சொன்னேன். அவர்கள் போய், நான் மீனைக் கழுவி, உப்பும் மஞ்சளும் போட்டு, சட்டியை அடுப்பில் வைத்த பிறகுதான் நினைவு வந்தது. என் கை நிற்கவேயில்லை.

கடைசி நாள் கையெழுத்தெல்லாம் முடித்துவிட்டு ஆறுதலாக வா. கேட் பூட்டியிருக்காது. ஒவ்வொரு முறையும்போல நான் வாசலுக்கு ஓடி வரமாட்டேன், மகன். முழங்கால் ஏலாது, இனி அவசரமும் இல்லை. உள்ளுக்கு வா, நான் அடுப்படியில் இருப்பேன்.

உன் உம்மா.